ஈரத்துக்குக் கழிவு

இதயம் முந்நூற்று நாற்பது கிராம்.
கல்லீரல் ஆயிரத்து நானூற்று ஐம்பது.
மண்ணீரல் நூற்று அறுபது.
கோர்ட்டு கொடுத்த நகலை
வக்கீல் ஆபீஸ் படியில் நின்றே வாசித்தேன்.

கோத்தகிரியில் பத்தொன்பது வருடமாகக் கொழுந்து பறிக்கிறேன்.
எனக்குத் தராசு தெரியும்.
கூடைக்கு ஒரு கிலோ, ஈரத்துக்கு இரண்டு,
மழை நாளென்றால் கணக்கப்பிள்ளை வாய்க்கு வந்தது.
முள் பொய் சொல்லாது.
முள்ளைப் பார்த்து எழுதுகிற கை இருக்கிறதே.

பூட்டிக் கிடந்த ஃபேக்டரியில்
செம்புக் கம்பி காணோமென்று
செவ்வாய் சாயங்காலம் பரஞ்சோதியைக் கூட்டிப்போனார்கள்.
"சோத்தை மூடி வை" என்றான்.
வியாழன் விடியலில்
ஊட்டிக்கு வரச் சொன்னார்கள்.

ஸ்டேஷனில் சொன்னது வலிப்பு.
ஆஸ்பத்திரிச் சீட்டில் மாரடைப்பு.
பேப்பர்காரரிடம் யாரோ சொன்னது,
உறைபனி தாங்கவில்லையாம்.
எஸ்டேட் லைனில் பிறந்து
மார்கழியிலும் பச்சைத் தண்ணீரில் குளிக்கிறவன்.
அவனை இப்போது
குளிர்பெட்டியில் வைத்திருக்கிறார்கள்.

இத்தனை நோயையும் சுமந்துகொண்டா
ஐம்பது கிலோ இலை மூட்டையை
ரோட்டுக்கு ஏற்றினான்?

பிணவறையில் ஒரு பை கொடுத்தார்கள்.
லுங்கி, சட்டை, செவ்வாய்க்கிழமை மாட்டிக்கொண்டு போன செருப்பு.
வெறுங்காலோடு கிடந்தான், மனசு கேட்கவில்லை.
போட்டுப் பார்த்தேன்.
ஏறவில்லை.
வாரைத் தளர்த்தினேன்.
ஏறவில்லை.

"இதயம் பழுதானா கால் வீங்கும்மா"
என்றார் பெரிய டாக்டர்.
வீங்குமாக இருக்கும்.
உள்ளங்கால் கத்தரிக்காய் நிறத்தில் கன்றுமா என்றேன்.
கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.
"செத்த பிறகு ரத்தம் இறங்கித் தேங்கும்.
அந்த நிறம்தான்."

மல்லாந்து கிடந்தவனுக்கு
முதுகுக்குத்தானே இறங்கும்?
நான் படித்ததில்லை.
சாக்கில் ஈரம் எந்தப் பக்கம் இறங்குமென்று
பார்த்திருக்கிறேன்.

மறுபடி அறுக்க உத்தரவு கிடைத்திருக்கிறது.
கோயமுத்தூரிலிருந்து வேறு டாக்டர் வருவாராம்.
மறுபடி இதயத்தைத் தட்டில் வைப்பார்.
முந்நூற்று நாற்பதுதான் காட்டும்,
அதில் எனக்குச் சந்தேகமே இல்லை.
ஆறு பக்க நகலில்
பாதம் என்ற சொல்தான் எங்கும் இல்லை.

செருப்பை நான் யாரிடமும் கொடுக்கவில்லை.
கூடைக்கு அடியில் இருக்கிறது.
எட்டாம் நம்பர்.