நாற்பது லோடு

எங்கள் கரையில் கருங்கல்லுக்குக் காது உண்டு.
உப்புத்தண்ணீரில் நனைந்த கல்
வெயிலில் காயும்போது
பக்கத்தில் என்ன சத்தமோ
அதை உள்ளே இழுத்து வைத்துக்கொள்ளும்.
சம்மட்டியால் தட்டினால் திருப்பிக் கொடுக்கும்,
ஒரே ஒரு தடவை.
ஷேர் ஆட்டோவில் அடைத்த ஆட்கள் மாதிரி
கடைசியாய் ஏறியது முதலில் இறங்கும்.

திருவொற்றியூரில் கடல் தெருவைத் தின்ன ஆரம்பித்த வருஷம்
லாரி லாரியாய்க் கல் வந்தது.
அட்டையும் பேனாவுமாய் நின்று
நான் லோடு எண்ணினேன்.
நாலு கோடு நிமிர்ந்து, ஒரு கோடு சாய்ந்து.
குவாரி வெடியை உள்ளே வைத்துக்கொண்டே
சில கல் வந்துவிடும்.
அதையெல்லாம் கடல் பக்கம் திருப்பிப் போடுவோம்,
குப்பத்தில் பிள்ளைகள் தூங்க வேண்டுமே.

மூன்றாம் மழையில் சுவர் உட்கார்ந்தது.
முதல் வரிசை வீடுகள் போயின.
கணக்கில் அறுபது லோடு, கரையில் அவ்வளவு இல்லை என்று
சேப்பாக்கத்திலிருந்து ஓர் அதிகாரி வந்தார்.
கான்ட்ராக்டர் சீதாபதி அன்றைக்கு
எந்தக் கல்லில் உட்கார்ந்து டீ குடித்தார்?
வெள்ளை பெயின்ட்டில் இருபத்தேழு.
எல்லாருக்கும் தெரியும்.

அதே கல்லில்தான் பவுனம்மாவின் மகன் டில்லி
கடைசியாய் போட்டுக்குக் காத்திருந்தான்.
போட் திரும்பியது, அவன் இல்லை.
அதற்கப்புறம் யாரையும் அங்கே பேச விட்டதில்லை அவள்.
தினம் சாயங்காலம் வந்து உட்காருவாள்,
இருமல் வந்தால் எழுந்து தூரம் போய் இருமிவிட்டு வருவாள்,
அவன் குரல் மேல் தன்னுடையது படியாமல்.

"பாவம் சார், பெத்தவ. அந்தக் கல்ல வுட்டுடுங்க" என்றேன்.
நல்ல மனசும்மா உங்களுக்கு என்றார் அதிகாரி.
நான் தலையைக் குனிந்துகொண்டேன்.

பவுனம்மாதான் சொன்னாள்:
"தட்டு சார்.
எம் புள்ள கொரலுக்குக் கீழ
எங்க வூடு கெடக்குது."

தட்டினார்கள்.
அலை. அலை. நாய் ஒன்று.
எண்ணூர் ரோட்டில் கன்டெய்னர் லாரியின் ஹாரன்.
மறுபடி அலை, ரொம்ப நேரம்,
வாய் மூடிய மூன்று வருஷம்.
அப்புறம் டில்லி.
அம்மாவைக் கூப்பிடவில்லை அவன். போனில் யாரிடமோ:
"அண்ணா, வெள்ளிக்கெழம கட்டிர்றேன்ணா,
வண்டிய மட்டும் தூக்காதண்ணா."
பவுனம்மாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது.
"பொய்யி" என்றாள் கல்லைப் பார்த்து.
அவ்வளவுதான். அது தீர்ந்துபோனது.

இன்னும் தட்டினார்கள்.
கேரம் ஸ்ட்ரைக்கர். காக்கா.
யாரோ யாரையோ குட்டிம்மா என்றது.
லாரி பின்னால் வரும் பீப் பீப்.
பிறகு சீதாபதி:
"வந்தது நாப்பது. நீ அறுபதுன்னு எழுது, பிலோமினா."

ஒரு சின்ன இடைவெளி.
அதில் பேனா மூடி கழன்ற சத்தம்கூடக்
கல் பத்திரமாய் வைத்திருந்தது.
அப்புறம் என் குரல்,
பயமில்லாமல், காலையில் சாப்பிட்ட குரல்:
"சரி சார்."

அதிகாரி என்னைப் பார்த்தார்.
பவுனம்மா பார்க்கவில்லை.
காலியான கல்லைக் கையால் துடைத்தாள்,
சோறு போட்டு முடித்த இடத்தைத் துடைக்கிற மாதிரி.
ஓர் அலை வந்து நனைத்துவிட்டுப் போனது.
வெயில் நன்றாய் ஏறியிருந்தது.

"ஏம்மா, கணக்கு தெரிஞ்சவதான நீ,
இன்னும் இருவது லோடுன்னா எவ்ளோ நீளம் வரும்?
எங்க வூட்டாண்ட வரிக்கும் வந்திருக்குமா?"

பதினோரு வீடு தாண்டி வந்திருக்கும்.
அவளுடையது ஏழாவது.

கல் காய்ந்துகொண்டிருக்கிறது.
நான் வாயைத் திறக்கிறேன்.