ஏழாம் எதிர்மனுதாரர்

மனுவில் எனக்கு ஏழாம் இடம்.
முதலாவது பல்கலைக்கழகம், அடுத்தது உபவேந்தர்,
மூன்று தொடக்கம் ஆறு வரை
நீள்மேசைக்கு அந்தப் பக்கம் இருந்து
பிஸ்கட் கடித்தபடி என்னைக் கேள்வி கேட்டவர்கள்.
கடைசியில் நான்,
வேலை கிடைத்தவள்.

மனுதாரர் கணபதிப்பிள்ளை ஜீவறேகா, கொக்கட்டிச்சோலை.
ஆறு வருடம் தற்காலிக விரிவுரையாளர்.
டிசம்பரில் வேலை போகும்,
பெப்ரவரியில் திரும்பி வரும்.
ஜனவரிகளை எப்படிக் கழித்தாள் என்று
மனுவில் ஒரு பந்தியும் இல்லை.

வந்தாறுமூலையில் எனக்குத் தந்த மேசையின்
கீழ் லாச்சி திறக்காது.
திறப்பு அவளிடம்.
கேட்க எனக்கு வாய் வரவில்லை.
உள்ளே என்ன என்று தெரியாமலே
முழங்காலை அதில் இடித்து இடித்துப்
பதினொரு மாதம் சம்பளம் எடுத்தேன்.

நான் படிப்பிப்பது புள்ளிவிபரவியல்.
பிள்ளைகளின் கையில் இருப்பதோ
அவள் எழுதிய செய்முறைக் கைநூல்.
நாற்பத்தோராம் பக்கத்தில் ஒரு சூத்திரம் பிழைத்துப்போக
அச்சடித்த அத்தனை பிரதியிலும்
நீல மையால் வெட்டி, மேலே சரியாக எழுதி,
ஓரத்தில் க. ஜீ. என்று சுருக்கொப்பம்.
நூற்றியிருபது பிரதி.
நூற்றியிருபது தரம்.

தகவல் அறியும் உரிமையில் அவள் எடுத்த புள்ளித்தாள்
இணைப்பு பீ ஒன்பது.
தகைமையில் என்னைவிட அவளுக்கு ஆறு கூட.
ஆய்வுக் கட்டுரையில் நான்கு கூட.
ஆளுமை, பதினைந்துக்கு:
அவளுக்கு இரண்டு,
எனக்குப் பதின்மூன்று.
ஒரு புள்ளியால் வென்றிருக்கிறேன்.
வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன்.
மூன்று ஒரு பேனை.
அதற்கு முன்னால் ஒடுங்கி நிற்கிற ஒன்று
வேறு பேனை.
சுருக்கொப்பம் இல்லை.

அந்த மாதம் மாமா
கல்லடியில் யாரோ பேரவை உறுப்பினர் வீட்டுப்
பூப்புனித விழாவுக்குப் போய்வந்து
"எல்லாம் சரிவரும் பிள்ளை" என்றார்.
ஆசீர்வாதம் என்றுதான் எடுத்துக்கொண்டேன்.
அப்படித்தான் எடுத்துக்கொண்டேனா?

புதுக்கடையில் சட்டத்தரணி சத்தியக்கடதாசியை நீட்டினார்.
பந்தி பதினான்கு:
தகுதியின் அடிப்படையில் மாத்திரமே
நான் தெரிவு செய்யப்பட்டேன் என உறுதிபடக் கூறுகிறேன்.
"மாத்திரமே என்பது எனக்குத் தெரியாது சேர்."
"தெரியாததையும் மறுக்கத்தானம்மா வேணும்,
இது வழக்கு."
வாசலில் கறுப்புக் கோட்டுகள் வெயிலில் நின்று
பான் தின்றுகொண்டிருந்தன.
பந்தி பதினான்கை வெட்டினேன்.
ஓரத்தில் என் சுருக்கொப்பத்தை வைத்தேன்.
அவர் பேனையைப் பார்த்தார், என்னைப் பார்த்தார்.
"வேறு பிரதி அடித்து வைக்கிறேன்,
ஒக்டோபர் பதினேழு தவணை,
யோசித்துக்கொண்டு வாங்க."

இரவு ரயிலில் ஒரே பெட்டி.
கல்லோயாச் சந்தியில் தேத்தண்ணிக்கு இறங்கினேன்.
பின்னால் அவள்.
"சில்லறை இருக்கா?"
கொடுத்தேன்.
ஆவி ஊதி ஊதிக் குடித்தோம்.
வழக்கில் இருக்கிறவர்கள் பேசக்கூடாதென்று
இரண்டு பேருக்கும் சொல்லியிருந்தார்கள்.
"லாச்சிக்குள்ள பெரிசா ஒண்டுமில்ல" என்றாள்.
"ஒரு குடை.
மறுகா, திருத்தாத பேப்பர் கொஞ்சம்."

வாழைச்சேனை வருமுன் எழும்பி வந்து
நாற்பது ரூபாவைத் திருப்பித் தந்தாள்.
திறப்பைத் தரவில்லை.
நானும் கேட்கவில்லை.

வந்தாறுமூலையில் விடிந்திருந்தது.
எட்டு மணிக்கு வகுப்பு, நான் இறங்கவேண்டும்.
வேகம் குறையக் குறைய
அவளும் எழும்பிப் பையைத் தோளில் கொழுவினாள்.
ரயில் நின்றது.
ஒரு கணம் இருவரும் கதவைப் பார்த்தபடி.

பிறகு அவள் இருந்துவிட்டாள்,
பையைக் கழற்றாமல்.