நாலு செல்

செவ்வாய்க்கிழமை பத்தே காலுக்கு
நடுவட்டம் பஸ் என்னை வளைவில் இறக்கிவிட்டுப் போகும்.
அங்கிருந்து எட்டாம் நம்பர் லைனுக்கு
தேயிலைக்கு நடுவே வழுக்கும் இறக்கம்.
தோளில் பை. பையில் பிரஷர் மெஷின்,
பேர் எழுதிய மாத்திரைக் கவர்கள், நோட்டு,
அட்டைப்பூச்சிக்கு ஒரு பொட்டலம் உப்பு.

ஆடியில் இந்த மலைக்கு விடிவதில்லை.
வெளுக்கும், அவ்வளவுதான்.

எடைக் கொட்டகையில் பெஞ்சை இழுத்துப் போடுவேன்.
கொட்டுமழை என்றால் பறிப்பு பாதியில் நிற்கும்.
பறிப்பு நிற்கிற நாளில்தான்
எல்லாருக்கும் தலை சுற்றுவது நினைவு வரும்.

ஸ்வெட்டர் கையை மடக்கிக்கொண்டு
முதல் ஆளாய் வருவது யோகராணி அக்கா.
மாத்தளையில் பிறந்தவர்.
எட்டு வயதில் தலைமன்னாரில் கப்பல் ஏறியவர்.
பட்டை இறுகும்போது பேசக்கூடாது என்பேன்,
பேச்சைப் பாதியில் வைத்துவிட்டுக் கண்ணை மூடுவார்.
மகன் திருப்பூரில். கணவர் போன தையில் போனார்.
ஒரு வாரத்தில் அவரைத் தொடுகிற கை
அநேகமாய் என்னுடையது மட்டும்.
அவர் சொன்னதில்லை.
நான் கணக்குப் பார்த்தேன்.

அன்றைக்கு மெஷின் கண்ணைத் திறக்கவில்லை.
தட்டினேன். செல்லைக் கழற்றித் தேய்த்தேன்.
பல்லால் கடித்தும் பார்த்தேன்.
குளிரில் நாலும் செத்திருந்தது.
கடை ஆறு கிலோமீட்டர். பஸ் மூன்று மணிக்கு.

"அடுத்த வாரம் பாத்துக்கலாங்க்கா."
நீட்டிய கையை அவர் எடுக்கவில்லை.
"சும்மாவாச்சும் கட்டு பிள்ளை."

கட்டினேன்.
காற்று ஏறாத பட்டை, எண் வராத கண்ணாடி.
இரண்டு பேரும் அதையே பார்த்துக்கொண்டிருந்தோம்.

பின்னால் நின்ற இருதயமேரிக்குத்தான் தாங்கவில்லை.
குடையில்லாமல் ஓடிப்போய்
சுவர்க் கடிகாரத்தோடு திரும்பினார்.
"மணிக்கென்ன, ஃபேக்டரி சங்கு ஊதினா தெரியப்போவுது."
ஒன்று.
சவரிராஜ் டார்ச்சைத் திருகினார். இரண்டு.
ரித்திஷின் பொம்மைக் காரிலிருந்து மூன்றாவது.
அழுதான். அழுதுகொண்டே அவனே கழற்றிக் கொடுத்தான்.

நாலாவதுக்குக் கொட்டகை அமைதியானது.
கதவு திறந்திருந்த ஒரே வீடு லலிதகுமாரியுடையது.
குழாயடியில் ஒரு குடம் நசுங்கிய நாளிலிருந்து
அவரும் யோகராணியும் பேசி இரண்டு வருஷம்.
யாரும் யாரையும் போகச் சொல்லவில்லை.
தகரத்தில் மழை மட்டும் பேசிக்கொண்டிருந்தது.

கொஞ்ச நேரத்தில் அவர் மகள் வந்தாள்,
உள்ளங்கையை இறுக்கி மூடிக்கொண்டு.
"எங்கம்மா குடுத்ததுன்னு சொல்லக்கூடாதாம்"
என்று எல்லாருக்கும் கேட்கும்படி சொன்னாள்.

மெஷின் விழித்தது. பட்டை இறுகியது.
நூற்று அறுபத்தெட்டுக்கு நூற்று நாலு.
நல்ல எண் இல்லை.
"மாத்திரை போடறீங்களா?"
"விட்டு ரெண்டு வாரமாச்சு.
தனியா ஒருத்திக்கு சோறே எதுக்குன்னு இருக்கு."

நான் பேச வாயெடுப்பதற்குள்
இருதயமேரி கவரை வாங்கி இடுப்பில் செருகிக்கொண்டார்.
அன்று ராத்திரியிலிருந்து
தன் தட்டை எடுத்துக்கொண்டு அங்கே போய்ச் சாப்பிடுகிறார்,
கடைசி வாய்க்கு முன்னால் மாத்திரையை நீட்டி.
நோட்டில் மேல் எண்ணுக்குக் கட்டம் உண்டு,
கீழ் எண்ணுக்கு உண்டு.
இதை எங்கே எழுதுவது என்று தெரியாமல்
ஓரத்தில் ஒரு தட்டு வரைந்து வைத்தேன்.

அடுத்த செவ்வாய் புது செல் நாலு வாங்கிப் போனேன்.
ரித்திஷ் மட்டும் வாங்கிக்கொண்டு ஓடினான்.
மற்றவை என் பையிலேயே கிடக்கின்றன.
இருதயமேரி வீட்டில் இன்னும் பதினொன்று இருபது.

அன்றைக்குப் பெஞ்சின் இந்த ஓரத்தில் யோகராணி.
அந்த ஓரத்தில் லலிதகுமாரி,
ஸ்வெட்டர் கையை மடக்கியபடி.
நடுவில் என் பை.
பட்டையைச் சுற்றும்போது குனிந்து கேட்டார்:
"இதுல என்னோடது எது?"

நாலும் ஒரே கடைச் சரக்கு, ஒரே சிவப்பு.
"இடது பக்கம், ரெண்டாவது" என்றேன்.
"பேசாதீங்க, ஓடுது."