எண்பது கூட

திங்கட்கிழமைகளில் மட்டும்
எண்பது இடியப்பம் கூட அவிக்கிறேன்.
மாங்குளம் சந்திக் கடைக்காரர் கேட்பார்:
என்ன பிள்ளை, இண்டைக்கு விசேசமோ?
மா மிஞ்சிப்போச்சு அண்ணை என்பேன்.
சுண்டு கணக்கில் கடன்பட்டு வாங்கின மா
எப்படி மிஞ்சுமெண்டு
அவர் கேட்கிறதில்லை.

ஐந்து பேர் ஒரு குழு.
ஒருத்தி கட்டாட்டி மற்ற நாலு பேரும் கட்டவேணும்,
அப்படித்தான் கையெழுத்து.

யோகமலர் படுக்கையில் விழுந்து ஏழு கிழமை.
கண் திறந்தால் லோன் புத்தகத்தைத்தான் தேடுறாள்.
கட்டியாச்சடி, உன்ர மனுசன்ர கூலி வந்தது.
கூலி என்ன,
மனுசனே வரேல்லை.

செவ்வாய் பத்து மணி.
பெடியன் ஹெல்மெட்டோடையே காசு எண்ணினான்.
பிறகு அதைக் கழட்டினான்.
யோகமலர் அக்கான்ர புத்தகத்துக்குள்ளை
ரெண்டு மடிப்புக் காசு கிடக்கு.
ஆர் வைச்சது?

ஒருத்தரும் நிமிரேல்லை.
ரூபவதி பாயோரத்தைப் பிய்த்தாள்.
ஜெனிற்றா வெளியே மாட்டைப் பார்த்தாள்,
அங்கே மாடு இல்லை.
பவளராணி நடந்து வந்திருந்தாள்.
சைக்கிள் செயின் அறுந்துபோச்சாம்.
அந்தச் சைக்கிளில்தான் விடிய
பேக்கரிக்காரற்ரை மகன்
மணியடிச்சுக்கொண்டு பள்ளிக்கூடம் போனவன்.

அடுத்த கிழமைக்கு எழுதுங்கோ தம்பி,
என்றது என் குரல்தான்.

ஞாயிறு பின்னேரம் மா அரிக்கையில்
இந்தமுறை எண்பது தேவையில்லை எண்டது ஞாபகம் வந்தது.
அரிதட்டை நிப்பாட்டி
கொஞ்சநேரம் இருந்தேன்.

பழைய லேடீஸ் சைக்கிள் ஒண்டுக்கு
இப்ப என்ன விலை கேட்பினம்?