மாடிப்படி பல்பு

எடுவிஹிஸ் ஓயர்சூனின் தலையில்
இருபத்தொரு கம்பிகளை ஒட்டியது நான்தான்.
பசை கொஞ்சம் குளிரும் என்றேன்.
குளிரட்டும், என்றாள்,
இந்தக் கம்பியை உனக்கு முன்னால் பிடித்தவன்
நகம் கடிக்கிறவன்.

காலை ஷிஃப்டு நிக்கனோர்.
நகக்கண்ணில் எப்போதும் ரத்தம்.
அவனை அவள் பார்த்ததே இல்லை.

வால்பரைசோவில்
டிராலிபஸ் டிப்போவில் சில்லறை எண்ணுகிறவள்.
மார்ச் மாதம் ஒரு திங்கட்கிழமை
எண்ணிக்கொண்டிருக்கும்போதே
இடது கை ஒரு நிமிடம் மரத்துப்போனது.
உணர்வு திரும்பி வந்தபோது
கூடவே மற்றவர்களும் வந்துவிட்டார்கள்.

ஒரு நூறு பெசோவில் காய்ச்சல்காரச் சிறுவன்.
இன்னொன்றில் மீன் அறுத்த கை,
கழுவியும் போகாத செதில்.
ஐம்பதில் ஒருவர்,
கொடுக்க மனமில்லாமல் கொடுத்தது.
சாயங்காலத்துக்குள் ஊரே
அவள் முழங்கை வரை ஏறியிருக்கும்.
வென்னீரில் கை வைத்தால்
குழாய் திருகியவன் வருவான்.

பெரிய டாக்டர் அதற்குப் பெயர் வைத்தார்,
பாதி கிரேக்கம், பாதி தன் குடும்பப்பெயர்.
படத்தில் துவரம்பருப்பு அளவுக்கு
ஒரு நிழல் இருந்தது.
என் காகிதத்தில் ஒன்றுமே இல்லை.
நல்ல பிள்ளையின் மூளை மாதிரி
அலையலையாக ஓடியது.

மனசு தெரியுமா என்று கேட்டேன்.
மனசு தெரியாது. பிடி தெரியும்.
ஒரு இடம் ஒரு கையைத்தான் வைத்துக்கொள்ளும்.
நான் தொட்டால் முன்னவர் போய்விடுவார்,
பிறகு அங்கே நான்தான், நான் மட்டும்தான்.

செலிந்தோ செத்து இரண்டு வருஷம்.
சவரக் கத்தி, கோப்பை, கோட்டுப் பித்தான்,
எல்லாவற்றையும் துக்கத்தில்
தடவித் தடவியே அழித்துவிட்டாளாம்,
இந்த வியாதி வரப்போவது தெரியாமல்.
"முன்னாலேயே ஒரு வார்த்தை
சொல்லியிருக்கலாம் இந்த மூளை" என்றாள்.

மிச்சம் மாடிப்படி பல்பு.
அவர் மாட்டியது. பிறகு யாரும் தொடவில்லை.
எரிகிற வரைக்கும் எரியட்டும் என்று
இரவும் பகலும் போட்டே வைத்திருக்கிறாளா,
இல்லை, தேய்ந்துவிடும் என்று
அணைத்தே வைத்திருக்கிறாளா என்று கேட்டேன்.
இரண்டும் செய்து பார்த்தேன், என்றாள்.

ஜூலையில் மறுபடி வந்தாள்.
வெளியே மழை, மலையேறும் பெட்டிகள்
பாதியில் நின்றிருந்தன.
குடையை மூலையில் சாய்த்துவிட்டு
உட்காருவதற்கு முன்பே சொன்னாள்:
பல்பு போய்விட்டது.

ஆறவிட்டாளாம்.
சூட்டில் அவர் எது, பல்பு எது என்று தெரியாதே.
ஐந்து விரல் பிடித்த இடம் ஐந்து.
ஐந்து நாள் எடுத்துக்கொண்டாள்,
நாளுக்கு ஒரு புள்ளி,
இருட்டில், ஸ்டூல் மேல் நின்று.

முதல் நாள் சுண்டுவிரல்: நடுக்கம்.
இரண்டாம் நாளும் நடுக்கம்.
மூன்றாம் நாள்தான் ஞாபகம் வந்தது.
அன்றைக்கு கேஸ் பில்லுக்காகச் சண்டை.
ஸ்டூல் ஆடுது, பிடி என்றார்.
நீங்களே பிடித்துக்கொள்ளுங்கள் என்று
நான் வெங்காயம் நறுக்கப் போய்விட்டேன்.

நான் பசையை வைத்துக்கொண்டு நின்றேன்.

நாலாம் நாள் ஸ்டூலில் ஏறவில்லை,
பொய் சொல்லமாட்டேன், என்றாள்.
படியில் உட்கார்ந்திருந்தேன்.
மறுநாள் இரண்டையும் சேர்த்துத் தொட்டேன்.
ஆள்காட்டிவிரல் விழப்போகிற ஆளுடையது.
கட்டைவிரலில் பயமும் இல்லை, கோபமும் இல்லை.
அது பாட்டுக்கு பல்பு மாட்டிக்கொண்டிருந்தது.

புதுசு போட்டாயா?

பக்கத்து வீட்டுப் பையன் போட்டான்.
ஸ்டூலை நான் பிடித்துக்கொண்டேன்.
இரண்டு கையாலும்.

காகிதம் வழக்கம்போல ஓடி முடிந்தது.
கம்பிகளைப் பிரித்தேன்,
முடியில் ஒட்டிய பசையைத் துடைத்தேன்.
கதவு வரை போனவளுக்கு
குடையை எடுத்துக் கொடுத்தேன்.

கைப்பிடியை வாங்கியவள்
அப்படியே நின்றாள்.
என் முகத்தைப் பார்க்கவில்லை,
குடையைத்தான் பார்த்தாள்.

யாராக இருந்தாலும்
போன் பண்ணிவிடு, என்றாள்.

நான் கையுறை போட்டிருக்க வேண்டும்.