மூன்றாவது சிலிண்டர்

ஞாயிறு காலை ஏழு. என்ஜின் ராத்திரி முழுதும் ஆறிக் கிடந்தது.
சூட்டில் கழற்றினால் அலுமினிய மரை
பிளக்கோடு பிய்ந்து வருமாம்.
நம்பினேன். நேற்று பாசாருக்குக்கூட நடந்துதான் போனேன்.

பகாவ், தாமானின் கடைசி வரிசை.
போர்ச்சுக்கு அப்பால் வடிகால், வடிகாலுக்கு அப்பால் செம்பனை.
குலை ஏற்றிய லோரி போகும்போதெல்லாம்
தட்டில் போட்ட பத்தாம் நம்பர் நட்டுகள் நடுங்குகின்றன.

புக்கிட் புத்துஸ் ஏற்றத்தில்தான் முதலில் தெரிந்தது.
டர்போ மூச்சை இழுத்துத்
தள்ளப்போகிற அந்த நொடியில்
ஒரு விக்கல்.
பிறகு இன்னொன்று.
பின்னால் வந்த ஹைலக்ஸ்காரன் விளக்கடித்தான்.
என் முன்னால் மஞ்சள் விளக்கு எரிந்தது.
சொங் பெங்கெலில் அறுநூறு வெள்ளி என்றார்கள், கூலி தனி.

கடன் என் பெயரில். மாதம் எழுநூற்றுப் பன்னிரண்டு,
இன்னும் நாற்பத்தொரு மாதம்.
ஓட்டியவன் கோகிலன், என் தம்பி.
இப்போது சிங்கப்பூரில் கிரேன் ஓட்டுகிறான்.
கார் எனக்கு வந்தது,
சாவியில் அவன் மாட்டிய புலி பொம்மையோடு.

கறுப்பு மூடியை இழுத்தேன். வரிசையாக நாலு காயில்.
கிளிப்பை அழுத்தினால் வரவேண்டும், வரவில்லை,
நகம் ஒன்று போனது, பிறகு வந்தது.
ஒவ்வொன்றையும் தொடுமுன் போனில் ஒரு படம்.
எது எங்கே இருந்தது என்பதில்
என்னை நான் நம்புவதில்லை.

கிணறு ஆழம். டார்ச் அடித்தால் அடியில் வெள்ளைத் தொப்பி.
சைக்கிள் பம்பால் ஊதித் தூசி விரட்டினேன்.
நீட்டுக்கம்பி, பதினாறு சாக்கெட், மூச்சைப் பிடித்து இடப்பக்கம்.
க்ரீக்.
பக்கத்து வீட்டு ரொஹானா துணி காயப்போட்டபடி
"செண்டிரி கெ?" என்றாள்.
ஆமாம், தனியாகத்தான்.

முதலாவது தவிட்டு நிறம், முனை தேய்ந்து மழுங்கியது.
இரண்டாவதும் அப்படியே. நான்காவதும்.
மூன்றாவது வந்தபோது சாக்கெட் எண்ணெயில் நனைந்திருந்தது.
துடைத்தேன். எழுத்து தெரிந்தது.
வேறு கம்பெனி. நிக்கல் முனை. எட்டு வெள்ளிச் சரக்கு.
மற்ற மூன்றையும் தொழிற்சாலைக்குப் பிறகு
எவனும் தொட்டிருக்கவில்லை.

ரசீது இல்லை. வாட்சாப் இருக்கிறது.
போன தீபாவளிக்கு இரண்டு வாரம் முன்பு:
"அக்கா, நாலு பிளக்கும் மாத்தியாச்சு, முன்னூத்தம்பது அனுப்பு."
அனுப்பியிருக்கிறேன். கூடவே ஒரு கட்டைவிரல்.

கோபம் வரட்டுமென்று பக்கெட்டைக் கவிழ்த்து உட்கார்ந்தேன்.
எட்டு போக முன்னூற்று நாற்பத்திரண்டு.
அந்தத் தீபாவளிக்குத்தான் எனக்கொரு சேலை கொண்டுவந்தான்,
மயில்கழுத்துப் பச்சை.
என்ன விலைடா என்றதற்கு, உனக்கெதுக்கு என்றான்.
நான் சிரித்த சத்தத்தில்
ரொஹானாவின் பூனை வேலி தாண்டியது.

புதிய பிளக்குகளின் இடைவெளியை அளந்தேன்.
டர்போவுக்கு நெருக்கமாக வைக்கவேண்டும்.
உள்ளே அழுத்தம் ஏறும்போது
அகன்ற இடைவெளியில் பொறி அணைந்துபோகும்.
பூஜ்யம் புள்ளி ஏழு. தகடு லேசாக உரசிக்கொண்டு போனது.

துண்டு ரப்பர் குழாயில் பிளக்கைச் செருகி
கிணற்றில் இறக்கி, விரல்நுனியால் திருகினேன்.
மரை கோணலாய்ப் பிடித்தால் குழாய் வழுக்கிவிடும்,
என் பலம் அங்கே செல்லாது.
கையால் இறுகும்வரை. அப்புறம் அரைச் சுற்று.
அதற்கு மேல் ஒரு மயிரிழையும் கிடையாது.

எண்ணெய்க் கசிவு அப்படியே இருக்கிறது.
வால்வு மூடியின் கேஸ்கெட், அடுத்த சம்பளத்துக்கு.

சாவி. ஒரு நடுக்கம், பிறகு சீரான சத்தம்.
மஞ்சள் விளக்கு மட்டும் போகவில்லை. அழிக்கும்வரை
பழையதையே சொல்லிக்கொண்டிருக்குமாம்.

நாலு பழைய பிளக்கையும் தரையில் வரிசையாக வைத்து,
மூன்றாவதை மட்டும் சற்று முன்னே தள்ளி,
படமெடுத்துக் கோகிலனுக்கு அனுப்பினேன். வார்த்தை ஒன்றும் இல்லாமல்.
இரண்டு நீல டிக்.
டைப்பிங் என்று வந்தது. நின்றது. வந்தது.
நின்றது.

போனைச் சீட்டில் கவிழ்த்துப் போட்டுவிட்டு
குவாலா பிலா பக்கம் திருப்பினேன்,
ஏற்றத்தைப் பார்க்க.