எதிர்த்தரப்புச் சான்றாவணம் மூன்று

அஸ்தம்பட்டி நீதிமன்றம், இரண்டாவது மாடி.
கூண்டுக்கு மேல் மின்விசிறி கிடையாது.
அரசு வக்கீல் ஒரு பழைய பத்திரத்தை
என் மூக்குக்கு நேரே நீட்டுகிறார்.

"கையெழுத்து உங்களுடையதா?"

என்னுடையதுதான்.
சென்னகிருஷ்ணனில் வரும் கொம்பை
இந்த ஜில்லாவில் வேறு யாரும்
இப்படிச் சுழிக்க மாட்டார்கள்.

"குப்பனூர், அறுபத்திரண்டு சென்ட்.
தொண்ணூற்றொன்பதில் ஐயந்துரையிடம் கிரயம்.
சென்ட் நாலாயிரம்.
பக்கத்து வயலை நாலாயிரத்துக்கு வாங்கியவர்
அரசாங்கத்திடம் இருபதாயிரம் கேட்கிறீர்கள்?"

பத்திர எழுத்தர் நஞ்சப்பன்
பேனா மூடியைக் கடித்தபடி அன்று சொன்னார்:
"எல்லாரும் இப்படித்தாங்க.
நெசத்த எழுதுனா
முத்திரைத்தாளுக்கே ஒரு மாட்ட விக்கணும்."
எனக்கிருந்தது ஒரே மாடு.

கைமாறியது சென்ட்டுக்குப் பதினோராயிரம்.
எழுதாத நாலு லட்சத்து முப்பத்து நாலாயிரத்தை
அரளி மொட்டுச் சாக்கில் போட்டு,
மேலே இரண்டு படி மொட்டைக் கொட்டி,
விடியுமுன் டி.வி.எஸ். ஃபிப்டியில் கொண்டுபோனேன்.
ஐயந்துரை மாட்டுக்கொட்டகையில் வைத்து எண்ணினார்.
"தம்பிக்குத் தெரிய வேண்டாம்" என்றார்.
நோட்டில் பூ வாசனை என்று சிரித்தார்.
அரளிக்கு ஏது வாசனை.

ஆறு வருஷத்தில் புறவழிச்சாலை வந்தது.
தாசில்தார் ஆபீஸ் தாளில் என் காடு இப்படி இருந்தது:
தென்னை எட்டு, மரத்துக்கு இவ்வளவு.
கிணறு, தூர்ந்தது.
(அன்று காலைகூட மோட்டார் ஓடியது.)
அரளி, புதர். மதிப்பு இல்லை.
நிலம், சென்ட் நாலாயிரத்து முந்நூறு.
அதில் மூன்றில் ஒரு பங்கு வளர்ச்சிக் கழிவு.
மிச்சத்துக்கு முப்பது சதவீதம் ஆறுதல் தொகை.
ஆறுதல் என்றுதான் போட்டிருந்தது,
நான் இரண்டு தரம் படித்தேன்.

பதினோரு வருஷ வாய்தா.
என் வக்கீல் ஜெகதாம்பாளுக்குத் தலை நரைத்தது,
அரசு வக்கீல்கள் நாலு பேர் மாறினார்கள்.

"சொல்லுங்கள். பத்திரத்தில் இருப்பது உண்மையா?"

"இல்லீங்க. அன்னைக்குப் பொய் எழுதினோம்."

தட்டச்சு நின்றது.
நீதிபதி முதல் தடவையாக என் முகத்தைப் பார்த்தார்.
"பொய் எழுதியது யாரிடம்?"

"அரசாங்கத்துகிட்டங்க."

"இப்போது உண்மை சொல்வது?"

ஜெகதாம்பாள் அம்மா குனிந்து
கட்டில் இல்லாத ஒரு தாளைத் தேடினார்.

அடுத்த சாட்சி ஐயந்துரை.
அவருடைய ஒன்றரை ஏக்கரும்
என் வரப்பை ஒட்டித்தான் சாலைக்குள் கிடக்கிறது.
பதினோராயிரம் என்று அவர் சொன்னால்
எனக்கு ஏறுகிற விலை அவருக்கும் ஏறும்.
அதற்காகத்தான் வந்தார்,
இஸ்திரி போட்ட சட்டையில், பேருந்து ஏறி.

கூண்டில் நின்று பின்பெஞ்சைப் பார்த்தார்.
அங்கே அவர் தம்பி மெய்வேல்,
அந்தக் கிரயத்தில் பாதிப் பங்கு வாங்கியவன்,
நாலாயிரத்தில் பாதி.
மடியில் சாப்பாட்டுத் தூக்கு.
இரண்டு பேருக்கும் சேர்த்துக் கட்டி வந்திருந்தான்.

"சென்ட் என்ன விலைக்கு விற்றீர்கள்?"

ஐயந்துரை தொண்டையைச் செருமினார்.
இன்னொரு தடவை செருமினார்.

"பத்திரத்துல இருக்கறதுதாங்க."

தட்டச்சு அதை ஏற்றிக்கொண்டது.
என் ஏழாயிரமும் அவர் ஏழாயிரமும்
அந்த ஒரு வரியில் போனது.

மத்தியானம் வாசலில் டீக்கடை.
மூன்று பேரும் நின்றோம்.
யாரும் யாரையும் எதுவும் கேட்கவில்லை.
சேர்வராயன் மலைமேல் மேகம் இறங்கியிருந்தது,
குப்பனூர்ப் பக்கம் மழையாக இருக்கும் என்றான் மெய்வேல்,
ஏதோ அங்கே நனைய
நமக்கு ஏதும் மிச்சமிருப்பது போல.

ஐயந்துரை காசு கொடுத்தார்.
மூன்று டீ, முப்பது ரூபாய்.
பத்துப் பத்தாக எடுத்து,
தம்பி பார்க்கும்படி
சத்தமாக எண்ணிக் கொடுத்தார்.